எட்டாம் வகுப்புக்குக் காட்ட, போருக்கு எதிரான அனிமேஷன் குறும்படம்?

கேள்வி – சாக்பீஸ்

உலக அமைதி பற்றி எட்டாம் வகுப்புக்கு ஒரு பீரியட் எடுக்க வேண்டும். புறா வரைந்து வரைந்து பிள்ளைகளுக்கு அலுத்துவிட்டது. வசனம் இல்லாத, புதுமாதிரியான அனிமேஷன் குறும்படம் இருந்தால் சொல்லுங்கள். பத்து நிமிடத்துக்குள் முடிந்தால் நல்லது.

பதில் – மொட்டைமாடி

டீச்சர், யோசிக்கவே வேண்டாம். நார்மன் மெக்லாரனின் ‘நெய்பர்ஸ்’. 1952, கனடா தேசியத் திரைப்பட வாரியத் தயாரிப்பு, எட்டு நிமிடம்.

பக்கத்து வீட்டுக்காரர்கள் இருவர் நாற்காலி போட்டுப் பேப்பர் படிக்கிறார்கள். ஒரு பேப்பரில் ‘அமைதி இல்லாவிட்டால் போர் நிச்சயம்’, மற்றதில் ‘போர் இல்லாவிட்டால் அமைதி நிச்சயம்’. நடுவில் ஒரு பூ முளைக்கிறது. இருவரும் மோந்து பார்த்துச் சொக்கிப்போகிறார்கள். அப்புறம்தான் பூ யாருக்கு என்ற சண்டை. வேலி எழும்புகிறது, வேலிக்குச்சியே வாளாகிறது.

ஓவியம் இல்லை, பொம்மை இல்லை. நிஜ மனிதர்களை ஒவ்வொரு ஃப்ரேமாக எடுத்தது, பிக்ஸிலேஷன் என்பார்கள். மிதக்கிற காட்சிக்கு நடிகர் குதிக்க வேண்டும், கால் தரையில் படாத கணத்தில் ஒரு ஃப்ரேம். அக்கா மகனை வைத்துச் செல்போனில் நானும் எடுத்துப் பார்த்தேன். விநாடிக்கு 12 படம் என்றாலும் ஐந்து விநாடிக்கு 60 முறை குதிக்க வேண்டும். நாற்பதிலேயே பையன் தரையில் உட்கார்ந்துவிட்டான்.

மெக்லாரன் யுனெஸ்கோ வேலையாகச் சீனாவுக்குப் போய், அங்கே கிராமச் சுகாதாரத்துக்குப் படம் தயாரிக்கக் கற்றுக்கொடுத்தவர். திரும்பி வந்த கொஞ்ச நாளில் கொரியப் போர். அதில் கனடாவும் சீனாவும் எதிரெதிர் பக்கம். தன்னோடு உட்கார்ந்து வரைந்தவர்களை எதிரி என்று எப்படி நினைப்பார்? இந்தப் படம் அங்கிருந்து வந்தது.

பதில் – நிழல்பொம்மை

ஜெர்மனியின் ‘பேலன்ஸ்’ (1989) படத்தையும் பாருங்கள். இரட்டையரான லாவன்ஸ்டைன் சகோதரர்கள் எடுத்தது. அந்தரத்தில் ஆடும் பலகையில் ஐந்து பேர், ஒரு பெட்டி. இதிலும் வசனம் கிடையாது.

சாக்பீஸ்

‘நெய்பர்ஸ்’ இப்போதுதான் பார்த்தேன். தாயையும் குழந்தையையும் தாக்கும் இடத்தில் திக்கென்றது. அதை மட்டும் வெட்டிவிடலாமா?

மொட்டைமாடி

அந்தக் காலத்திலேயே அந்த இடத்தை வெட்டித்தான் வெளியே அனுப்பினார்கள். வியட்நாம் போர்க் காலத்தில் மறுபடி சேர்த்தார்கள். நானாக இருந்தால் வெட்ட மாட்டேன். முன்கூட்டியே பிள்ளைகளிடம் சொல்லிவிடுங்கள். பார்க்க முடியாதவர்கள் தலையைக் குனிந்துகொள்ளட்டும். அப்புறம் ஒன்று: சமாதிகளைப் பார்த்ததும் முடிந்தது என்று விளக்கைப் போட்டுவிடாதீர்கள். ஒவ்வொரு சமாதி மேலும் ஒரு பூ ஏறி நிற்கும். அதுவரை ஓடட்டும்.