பதவி உயர்விலும் இடஒதுக்கீடு வேண்டுமா? நீலகிரி அரசு ஊழியர்கள் சொல்லுங்கள்

தேயிலைமேடு:
நான் படுகர், பி.சி. 2008-ல் குரூப் 4 எழுதி இளநிலை உதவியாளராகச் சேர்ந்தேன். ரேங்கில் எனக்கு வெகு கீழே இருந்த ஒருவர் சீனியாரிட்டி லிஸ்டில் எனக்கு மேலே வந்தார். பவானிசாகர் பயிற்சியில் இருவரும் ஒரே அறை. நல்ல மனுஷன், அதில் குறையில்லை. ஆனால் கோப்பில் குறிப்பு எழுத அவருக்குச் சொல்லிக்கொடுத்தவன் நான். பிறகு அவர் மேசைக்கே கோப்பை எடுத்துப்போய்க் கையெழுத்துக்காக நின்றேன். வேலைக்குள் நுழைய ஒதுக்கீடு வேண்டும், ஒத்துக்கொள்கிறேன். உள்ளே வந்த பிறகும் எதற்கு? 1992-ல் இந்திரா சாஹ்னி வழக்கில் ஒன்பது நீதிபதிகள் அமர்வே பதவி உயர்வில் கூடாது என்றுதானே சொன்னது?

பந்தலூர் மழை:
அண்ணா, 1992-லேயே நின்றுவிட்டீர்கள். 1995-ல் அரசியலமைப்பில் 77-வது திருத்தம் வந்து 16(4A) என்ற பிரிவு சேர்ந்தது. எஸ்.சி., எஸ்.டி.க்குப் பதவி உயர்விலும் ஒதுக்கலாம் என்று ஆனது. 2001-ல் 85-வது திருத்தம் அதோடு சீனியாரிட்டியையும் கொடுத்தது. 2006-ல் நாகராஜ் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதெல்லாம் செல்லும் என்றது. ஆனால் போதிய பிரதிநிதித்துவம் இல்லை என்பதற்கு அரசு கணக்குக் காட்டணும் என்றது. கொடுத்தே ஆகணும் என்ற கட்டாயமும் இல்லை, 2020-ல் உத்தரகண்ட் வழக்கில் அதைத் தெளிவாகச் சொல்லிவிட்டார்கள்.

நம் மாநிலத்தில் பதவி உயர்வுக்கென்று பொதுவாகத் தனி ஒதுக்கீடே கிடையாது. உங்களை முந்தியது வேறு. வேலைக்கு எடுக்கும்போது எந்த இடம் எந்தச் சமூகத்துக்கு என்று போட்ட இனச்சுழற்சி வரிசையையே சீனியாரிட்டியாக வைத்திருந்தார்கள். 2016-ல் வந்த தமிழ்நாடு அரசு ஊழியர் பணி நிபந்தனைச் சட்டத்தின் 40-வது பிரிவு அதைத்தான் சொன்னது. 2019-ல் சென்னை உயர் நீதிமன்றம் அந்தப் பிரிவைச் செல்லாது என்றது. ரேங்க்படி லிஸ்ட் மாறியபோது நீங்கள் மேலே வந்திருப்பீர்களே?

தேயிலைமேடு:
வந்தேன். போன வருஷங்கள் திரும்பி வருமா?

நடுவட்டம் தங்கச்சி:
அண்ணா, நீங்கள் மேலே வந்த அதே மாற்றத்தில் கீழே இறங்கியவள் எங்கள் அக்கா. வேறு அலுவலகம்தான்.

சாஸ்திரி-சிறிமாவோ ஒப்பந்தத்தில் சிலோனிலிருந்து வந்த குடும்பம் எங்களுடையது. அம்மா கொழுந்து பறித்தார். எஸ்டேட் லைன் வீட்டில், ஒரே பல்பின் கீழே அக்கா படித்தாள். எஸ்.சி. கோட்டாவில் வந்தாள், மறைக்க ஒன்றுமில்லை. துறைத் தேர்வு ஒன்று விடாமல் பாஸ் செய்துதான் துணை வட்டாட்சியர் ஆனாள். நாலு வருஷம் அந்த வேலையைப் பார்த்தாள். திரும்ப உதவியாளர் என்று ஆர்டர் வந்த அன்று, மேசையில் இருந்த பெயர்ப்பலகையைத் துணியில் சுற்றிப் பையில் போட்டு வீட்டுக்குக் கொண்டுவந்தாள். அம்மாவுக்கு எழுத்து தெரியாது. அதைத் துடைத்துச் சாமி படத்துக்குப் பக்கத்தில் வைத்தார். இன்னும் அங்கேதான் இருக்கிறது.

திறமை இல்லாததாலா இறக்கினார்கள்? அந்த நாலு வருஷத்தில் அவள் மேல் ஒரு மெமோ கிடையாது.

தேயிலைமேடு:
படித்ததும் மனசு கஷ்டமாகிவிட்டது, தங்கச்சி. உங்கள் அக்காவின் உழைப்பை நான் குறை சொல்லவில்லை. ஆனால் நாளைக்கு அவர் பிள்ளையும் அதே சலுகையில் ஏறணுமா? 2018-ல் ஜர்னைல் சிங் வழக்கில் எஸ்.சி., எஸ்.டி.க்குள்ளேயும் கிரீமி லேயர், அதாவது ஏற்கெனவே முன்னேறியவர்கள் யார் என்று பார்த்து விலக்கலாம் என்று சொன்னார்கள். அதிகாரி பிள்ளையும் காட்டு ஓரத்துப் பணியர் பிள்ளையும் ஒன்றா?

பந்தலூர் மழை:
பணியர் பேச்சை எடுத்ததால் சொல்கிறேன். எங்கள் பக்கத்து அலுவலகம் ஒன்றுக்குப் பணியர் பாட்டி ஒருவர், பேரனின் சாதிச் சான்றிதழ் ஏன் வரவில்லை என்று கேட்க வந்தார். மழையில் நனைந்த சேலையோடு வாசப்படியிலேயே நின்றார். 'உள்ளே வாங்க' என்று நாலு பேர் கூப்பிட்டும் வரவில்லை. ரெக்கார்டு கிளார்க்காக இருக்கும் பணியர் பையன் எழுந்து போய் அவர்கள் பேச்சில் ஏதோ சொன்னான். அதன் பிறகுதான் பெஞ்சில் வந்து உட்கார்ந்தார்.

மிகவும் நலிவுற்ற பழங்குடிகள் என்று மத்திய அரசு தனியாகப் பட்டியலிட்ட தோடர், கோத்தர், குறும்பர், இருளர், பணியர், காட்டுநாயக்கர் ஆகிய ஆறு இனத்தாரும் நம் மலையில் இருக்கிறார்கள். எஸ்.டி.க்கு 1 சதவீதம். 200 இடத்தில் 2. அதுவும் நுழைவுக்கு மட்டும். அந்தப் பையன் சான்றிதழில் கையெழுத்துப் போடும் நாற்காலிக்கு எந்த வருஷம் வருவான்?

தேயிலைமேடு:
பணியருக்கும் காட்டுநாயக்கருக்கும் பதவி உயர்வில் கொடுங்கள் என்றால் முதல் கை என்னுடையது. பட்டியல் முழுக்க என்றால் மாட்டேன்.

நடுவட்டம் தங்கச்சி:
எங்கள் லைனிலிருந்து எத்தனை பேர் அதிகாரியானார்கள் என்று எண்ணிப் பார்த்துவிட்டு 'மாட்டேன்' சொல்லுங்கள் அண்ணா.

பந்தலூர் மழை:
எண்ணத்தான் வேண்டும். ஒவ்வொரு கேடருக்கும், அதாவது ஒவ்வொரு பதவிப் பிரிவுக்கும் தனித்தனியாகக் கணக்கு எடுக்கணும் என்று 2022-ல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. நம் மாவட்டத்தில் துறைவாரியாக, பதவிவாரியாக எந்தச் சமூகத்தில் எத்தனை பேர் என்று எடுத்து வெளியிடச் சொல்லி மனு எழுதுகிறேன். அண்ணா, கையெழுத்துப் போடுவீர்களா?

தேயிலைமேடு:
கணக்கு எடுக்கச் சொன்னால் போடுகிறேன். 'ஒதுக்கீடு வேண்டும்' என்று கீழே ஒரு வரி இருந்தால், அதை அடித்துவிட்டுத்தான் போடுவேன்.

நடுவட்டம் தங்கச்சி:
அந்த வரியை நான் தனித்தாளில் எழுதி, அக்காவையும் கூட்டிவந்து கையெழுத்துப் போடுகிறேன். இரண்டையும் ஒன்றாகவே கொடுங்கள்.