இரவில் தூத்துக்குடி, கச்சான் காலத்தில் சென்னை: இரண்டுக்கும் காரணம் ஒன்றா?

களுவாஞ்சிக்குடி ஆசிரியர் எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். நான் இலங்கையின் மட்டக்களப்பு மாவட்டத்தில் உயர்தர மாணவர்களுக்குப் பௌதிகவியல் கற்பிக்கிறேன். மின்காந்த அலைகள் பற்றிய பாடம் வரும்போது அப்பா பாவித்த பழைய வானொலிப் பெட்டியை வகுப்புக்கு எடுத்துச் சென்று, பின்மூடியைக் கழற்றி, கறுப்புப் பெரைற்றுக் கோலில் மெல்லிய செப்புக் கம்பி சுற்றியிருப்பதைப் பிள்ளைகளுக்குக் காட்டுவது என் வழக்கம். இம்முறை அந்தப் பெட்டி என்னைச் சிக்கலில் மாட்டிவிட்டது.

கடற்கரையோரம் வீடுள்ள மாணவன் ஒருவன் தன் இரண்டு அனுபவங்களைச் சொன்னான். மத்திய அலையில் 1053 கிலோஹேர்ட்ஸில் ஒலிபரப்பாகும் தூத்துக்குடி வானொலி பகலில் அவர்கள் வீட்டில் வெறும் இரைச்சலாக இருக்கிறது, மாலை 6.30 ஐத் தாண்டியதும் மெல்லத் தலைகாட்டி, இரவில் ஏறியும் இறங்கியும் நன்றாகக் கேட்கிறது. அடுத்தது, சென்ற ஆடி மாதத்தில் ஓர் இரவு கைப்பேசியில் பண்பலை கேட்டுக்கொண்டிருந்தபோது, உள்ளூர் நிலையம் இருந்த அதே எண்ணில் சென்னை நிலையமொன்று சுத்தமாகக் கேட்டது. மறுநாள் அது இல்லை. இரண்டுக்கும் “அயன்மண்டலத் தெறிப்பு”, அதாவது வளிமண்டலத்தின் மேலே மின்னேற்றமடைந்த அடுக்குகளில் பட்டு அலை திரும்புவது, என்று அவன் குறிப்பேட்டில் எழுதி வைத்திருந்தான்.

100 மெகாஹேர்ட்ஸ் அளவிலான அலைகள் அயன்மண்டலத்தை ஊடுருவிச் சென்றுவிடும் என்பதால் இரண்டாவது விடை பிழை என்று சொன்னேன். சரியான காரணம் எது என்பதை அவன் மனம் ஏற்கும்படி சொல்ல என்னால் முடியவில்லை. அதோடு அவன் விடவில்லை: “சூரியன் மறைந்ததும் அயன்மண்டலம் வலுக்குன்றுமே சேர், அப்படியானால் இரவில் எப்படிக் கூடுதலாகத் தெறிக்கும்?” என்றும் கேட்டான். இவற்றை எப்படி விளக்கலாம், ஆய்வுகூடக் கருவிகள் இல்லாமல் எப்படிச் சோதித்துக் காட்டலாம் என்று அறிந்தவர்கள் எழுதினால் பெரும் உதவியாக இருக்கும்.

கல்லடியிலிருந்து, ஓய்வுபெற்ற தொலைத்தொடர்பு உத்தியோகத்தர் எழுதியது:

ஆசிரியர் ஐயா, மாணவனின் இரண்டாவது கேள்வி மிகவும் நல்ல கேள்வி. நான் வேலைக்குச் சேர்ந்த காலத்தில் எனக்கும் அதே குழப்பம் இருந்தது.

அயன்மண்டலம் ஒரே போர்வை அன்று. தரையிலிருந்து ஏறத்தாழ 60 முதல் 90 கிலோமீற்றர் வரை டி அடுக்கு, அதற்கு மேலே 100 கிலோமீற்றரை ஒட்டி ஈ அடுக்கு, 200 கிலோமீற்றருக்கு மேல் எஃப் அடுக்கு என்று அது படிப்படியாக அமைந்திருக்கிறது. டி அடுக்கின் உயரத்தில் வளி இன்னும் ஓரளவு அடர்த்தியாகவே உள்ளது. வானொலி அலை அங்கே நுழையும்போது இலத்திரன்களை ஆட்டுகிறது. ஆடும் இலத்திரன்கள் அருகிலுள்ள மூலக்கூறுகளோடு மோதி, அலையிடம் பெற்ற சக்தியை வெப்பமாக இழக்கின்றன. மீடிறன் (அதிர்வெண்) குறையக் குறைய ஆட்டத்தின் வீச்சம் கூடுவதால் இழப்பும் கூடும். ஆகவே பகலில் மத்திய அலை மேலே போகும் வழியிலேயே தின்னப்பட்டுவிடுகிறது. சூரியன் மறைந்ததும் டி அடுக்கின் இலத்திரன்கள் விரைவாக அயன்களோடு மீண்டும் சேர்ந்து, அந்த அடுக்கு ஏறக்குறைய இல்லாமல் போகிறது. மேலடுக்குகளும் மெலிகின்றனதான், ஆனால் 1 மெகாஹேர்ட்ஸ் அலையைத் திருப்புவதற்கு எஞ்சியிருக்கும் இலத்திரன்களே போதும். முகம் பார்க்கும் கண்ணாடிக்கு முன்னால் ஈரச் சாக்கு ஒன்று தொங்குவதாக வைத்துக்கொள்ளுங்கள். இரவில் கண்ணாடி சற்று மங்குகிறது; ஆனால் சாக்கை எடுத்தாகிவிட்டது.

பகலில் நமக்கு எஞ்சுவது தரையோடு தவழ்ந்து வரும் அலை மட்டுமே. தூத்துக்குடி நிலையம் 200 கிலோவோற் வலுவுடையது. மன்னார்க் கரையில் பகலிலும் அது கேட்பதற்குக் காரணம் இடையில் கடல் இருப்பதாகும். கடல்நீரின் கடத்துதிறன் மீற்றருக்கு 4 சீமென்ஸுக்குமேல். உலர்ந்த நிலத்தில் அது ஆயிரத்தில் ஒரு பங்கு அளவுக்குக்கூட இறங்கிவிடும். மட்டக்களப்புக்கும் தூத்துக்குடிக்கும் இடையிலுள்ள சுமார் 400 கிலோமீற்றரில் ஏறத்தாழ பாதி தரை என்பதால், நம்மிடம் வந்து சேர்வதற்குள் அந்த அலை களைத்துவிடுகிறது.

பண்பலையின் கதை வேறு. மீற்றரில் அன்ரெனாவின் உயரத்தின் வர்க்கமூலத்தை 4.12 ஆல் பெருக்கினால், சாதாரண நாளில் அந்த அன்ரெனா எட்டும் தொடுவானத் தூரம் கிலோமீற்றரில் கிடைக்கும். 150 மீற்றர்க் கோபுரத்துக்கும் கடற்கரையில் 2 மீற்றர் உயரத்தில் இருக்கும் வானொலிக்கும் சேர்த்துப் பார்த்தால் 56 கிலோமீற்றர்தான் வருகிறது. சென்னையோ நமக்கு 600 கிலோமீற்றருக்கும் அப்பால். அது எப்போதாவது தோன்றும் திட்டு ஈ அடுக்கில் பட்டு வந்திருக்கலாம் என்பது என் ஊகம்.

வாழைச்சேனையிலிருந்து எழுதியது:

நான் படித்த ஆளல்ல. ஆழ்கடல் படகில் 20 வருடமாகப் போய்வருகிறேன். எங்கள் படகின் வீஎச்எஃப் செற்றில் 16ஆம் அலைவரிசை, அதாவது 156.8 மெகாஹேர்ட்ஸ், எப்போதும் திறந்திருக்கும். கச்சான் என்னும் தென்மேல் காற்று வீசும் மாதங்களில் பகலில் கரையிலிருந்து சூளைக் காற்றாய் வந்து, பொழுது சாய்ந்ததும் கடல் அமர்ந்துவிடும் நாட்கள் உண்டு. அப்படிப்பட்ட இரவில், வழமையாக எட்டாத தூரத்துப் படகுகளின் பேச்சுப் பக்கத்தில் நின்று பேசுவதுபோல் கேட்கும். வாடைக் காலத்தில், மழையும் கலங்கிய காற்றுமாக இருக்கும்போது, அப்படி ஒரு நாளும் நான் கேட்டதில்லை. தம்பி சென்னையைக் கேட்ட இரவில் காற்று எப்படி இருந்தது என்று விசாரித்துப் பாருங்கள்.

வந்தாறுமூலை, பல்கலைக்கழக மாணவி எழுதியது:

வாழைச்சேனை அண்ணன் சொன்னதில்தான் விடை இருக்கிறது. கல்லடி ஐயா குறிப்பிட்ட திட்டு ஈ அடுக்குப் பண்பலையைத் திருப்புவது உண்மையே. ஆனால் 100 மெகாஹேர்ட்ஸ் அலை மிகவும் சாய்வாகப் பட்டால்தான் அது திரும்பும் என்பதால், அவ்வழியில் வரும் நிலையங்கள் பெரும்பாலும் 1000 கிலோமீற்றருக்கு அப்பாற்பட்டவையாக இருக்கும். சென்னை அதற்கு மிகக் கிட்ட உள்ளது.

நடப்பது வளிமண்டலத்தின் மிகக் கீழ்ப்படையான மாறன்மண்டலத்தின் அடியில், கடல்மட்டத்திலிருந்து சில நூறு மீற்றருக்குள். மலைநாட்டைத் தாண்டி இறங்கும் கச்சான் வெப்பமாகவும் உலர்வாகவும் வந்து, கடலை ஒட்டிக் கிடக்கும் குளிர்ந்த, ஈரமான வளியின்மேல் படர்கிறது. ஈரவளியின் முறிவுச் சுட்டி (அலையை வளைக்கும் முறிவின் அளவைக் காட்டும் எண்) கூடியது, உலர்வளியினுடையது குறைந்தது. வித்தியாசம் மிகச் சிறியதென்பதால், சுட்டியிலிருந்து 1 ஐக் கழித்து மில்லியனால் பெருக்கி எழுதுவார்கள். சாதாரண வளியில் இந்த எண் ஒவ்வொரு கிலோமீற்றர் உயரத்துக்கும் 39 அளவு குறைகிறது. 157 அல்லது அதற்கு மேல் குறைந்தால், கிடையாகச் செல்லும் அலை பூமியின் வளைவுக்கு ஈடாகவே வளைந்து, ஒரு குழாய்க்குள் அகப்பட்டதுபோல் கடலைத் தொட்டுத் தொட்டு ஓடுகிறது. இந்த 157 எங்கிருந்து வந்தது என்பதை மாணவர்களே கணிக்கலாம்: மில்லியனைக் கிலோமீற்றரில் பூமியின் ஆரையான 6371 ஆல் வகுத்தால் போதும். தேசப்படத்தில் கோடு போட்டுப் பாருங்கள். மட்டக்களப்பிலிருந்து சென்னைக்குப் போகும் கோடு முழுவதும் ஏறத்தாழ கடல்மேலேயே செல்கிறது.

ஐயாவின் கண்ணாடி உவமையில் ஒரு திருத்தம் சொல்ல விரும்புகிறேன். அயன்மண்டலத்திலும் அலை ஒரே தளத்தில் பட்டுத் தெறிப்பதில்லை. இலத்திரன் அடர்த்தி கூடக்கூடப் படிப்படியாக முறிவடைந்து கீழே திரும்புகிறது. ஆகவே இரண்டு இடத்திலும் வேலை செய்வது முறிவுதான். முறிக்கும் பொருளும் உயரமும்தான் வேறு.

சோதிப்பதற்குக் காதே போதும். தூத்துக்குடி ஒலி ஏறி இறங்குவது வெவ்வேறு வழிகளில் வரும் அலைகள் ஒன்றோடொன்று சேர்வதாலும் அழிவதாலும் ஆகும். 1053 கிலோஹேர்ட்ஸின் அலைநீளம் 285 மீற்றர். 100 கிலோமீற்றர் உயரத்தில் திரும்பி வரும் அலையின் பாதை அரை அலைநீளம் மாறுவதற்கு, அந்த அடுக்கு 160 மீற்றர் அளவு உயர்ந்தாலே போதும். 1924இல் பௌதிகவியலாளர் அப்பிள்டன் இங்கிலாந்தில் செய்ததும் இதன் வழி வந்ததே: போர்ண்மவுத் நிலையத்தின் அலைநீளத்தைச் சிறிது சிறிதாக மாற்றச் செய்து, ஒக்ஸ்போர்டில் ஒலி கூடிக் குறைந்த தடவைகளை எண்ணி, மேலே உள்ள அடுக்கு சுமார் 100 கிலோமீற்றரில் இருப்பதைக் கணித்தார். 1947இல் அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது. பண்பலையில் இந்த ஏற்றவிறக்கத்தைவிட வேறொன்றைக் கவனியுங்கள்: ஒரே மீடிறனில் இரண்டு நிலையங்கள் வந்தால் பண்பலை வாங்கி வலுவானதை மட்டும் பிடித்துக்கொள்ளும். மாணவனின் உள்ளூர் நிலையம் கலங்காமல் முழுதாக மறைந்து, சென்னை அந்த இடத்தில் அமர்ந்தது அதனால்தான். மத்திய அலையில் இரண்டும் கலந்தே கேட்டிருக்கும்.

களுவாஞ்சிக்குடி ஆசிரியர் எழுதியது:

மூவருக்கும் மனமார்ந்த நன்றி. மாணவனிடம் விசாரித்தேன். அன்று பகல் முழுதும் கச்சான் வீசியதாகவும், இரவில் முற்றத்து வேப்பமரத்தில் இலைகூட அசையவில்லை என்றும் சொன்னான்.

நேற்று மாலை நாலு பிள்ளைகளோடு கடற்கரைக்குப் பெட்டியைக் கொண்டுபோனேன். 6.10 இலிருந்து 1053 இல் வைத்துக் காத்திருந்தோம். 6.40 அளவில் இரைச்சலுக்குள்ளிருந்து ஒரு பெண்குரல் எழும்பி, அமுங்கி, திரும்ப எழும்பியது. ஒரு பிள்ளை கடிகாரத்தைப் பார்த்து ஒவ்வோர் அமுக்கத்துக்கும் மணலில் கோடு கீறினாள். பத்து நிமிடத்தில் ஏழு கோடுகள். இனி ஆவணி முடியும் வரை ஒவ்வோர் இரவும் 8 மணிக்குப் பண்பலை முழுவதையும் ஒருமுறை துழாவி, பகற்காற்றையும் குறித்து வைப்பதாகப் பிள்ளைகள் ஏற்றுக்கொண்டிருக்கிறார்கள். திருக்கோவில், பொத்துவில் பக்கத்தில் யாராவது அதே நேரத்தில் கேட்டு எழுதினால் இரண்டு குறிப்பேடுகளையும் ஒப்பிட்டுப் பார்க்க ஆவலாக உள்ளோம்.