கடைசிப் பாட்டில் மட்டும் ஊசி கரகரக்கிறது, வழி சொல்லுங்கள்

அமெரிக்கப் பாடகி பார்ப்ரா ஸ்ட்ரைசாண்டின் 1985 'தி பிராட்வே ஆல்பம்' எல்பி (இசைத்தட்டு), நியூயார்க்கில் ஒரு பழைய ரெக்கார்ட் கடையில் போன மாதம் வாங்கினேன். முதல் பாட்டு 'புட்டிங் இட் டுகெதர்' கண்ணாடி மாதிரிச் சுத்தம். இரண்டாம் பக்கக் கடைசியில் வரும் 'சம்வேர்'தான் பிரச்சினை. அவர் குரலை உச்சத்துக்குக் கொண்டுபோகும் இடத்தில் 'ஸ்' ஒலியெல்லாம் எண்ணெயில் கடுகு போட்ட மாதிரி பொரிகிறது. வலது ஸ்பீக்கரில் கூடுதலாக. (அந்தப் பாட்டுக்காகத்தான் தட்டையே வாங்கினேன்!)

பிளேயர் ஆறு வருடப் பழசு, பெல்ட் டிரைவ் (பெல்ட் தட்டைச் சுழற்றும் வகை). நீள்வட்ட முனை ஊசி, தட்டை அது அழுத்தும் எடை 2 கிராம். தட்டை இரண்டு முறை திரவம் போட்டுக் கழுவினேன். புது ஊசி மாற்றினேன். அளவுத்தாள் வைத்து கார்ட்ரிட்ஜ் (ஊசியைத் தாங்கும் தலைப்பகுதி) கோணத்தைச் சரிபார்த்தேன். எடையை 2.2 வரை ஏற்றியும் பார்த்தாயிற்று. நண்பர் வீட்டு பிளேயரிலும் கரகரப்பு இருக்கிறது, கொஞ்சம் குறைவு. என்னிடமுள்ள மற்ற எல்பிகளில் கடைசிப் பாட்டு ஒழுங்காகவே பாடுகிறது. தட்டில் கீறல் எதுவும் கண்ணுக்குத் தெரியவில்லை.

உள்வட்டத்துக்குப் போகப் போக ஊசிக்கு அடியில் ஒலி பதிந்த பள்ளம் ஓடும் வேகம் குறையும், அங்கே சிதைவு சகஜம் என்று தெரியும். ஆனால் இவ்வளவா?

முந்தைய உடைமையாளரின் தேய்ந்த ஊசி பள்ளத்தையே அரித்துவிட்டதா, இல்லை மைக்ரோலைன் ஊசி (இன்னும் மெல்லிய முனை கொண்டது) போட்டால் தேறுமா?