கடாஃபி 42 ஆண்டுகள் ஆண்டது எப்படி, விழுந்தது எப்படி?

கேள்வி:
லிபியாவில் ஆட்சியைப் பிடித்தபோது கடாஃபிக்கு வயது 27தான். 1969 முதல் அசைக்க முடியாமல் இருந்தவர், 2011இல் சில மாதங்களில் எப்படி விழுந்தார்?

பதில் 1:
மன்னர் இத்ரிஸ் சிகிச்சைக்காகத் துருக்கியில் இருந்தபோது, செப்டம்பர் 1 அன்று கடாஃபி தலைமையில் இளம் ராணுவ அதிகாரிகள் ஆட்சியைக் கைப்பற்றினார்கள். மறு ஆண்டே அங்கிருந்த அமெரிக்க, பிரிட்டிஷ் ராணுவத் தளங்கள் காலியாயின. எண்ணெய் நிறுவனங்களிடம் கூடுதல் விலையும் வாங்கினார். அந்தப் பணம்தான் அவரைத் தாங்கியது.

பதில் 2:
நான் லிபியாவின் பெங்காசி நகரில் கட்டட வேலையில் மூன்று வருடம் வெல்டராக இருந்தேன். சஹாராவின் அடியிலிருந்து ராட்சதக் குழாய்களில் வந்த தண்ணீரைத்தான் குடித்தோம். அது அவர் செய்த பெரிய வேலை, மறுக்க மாட்டேன். ஆனால் சனிக்கிழமைகளில் தாய்மார்கள் மகன்களின் புகைப்படத்தோடு தெருவில் நிற்பார்கள். 1996இல் அபு சலீம் சிறையில் ஏறக்குறைய 1,200 கைதிகள் கொல்லப்பட்டார்கள். பல குடும்பங்களுக்கு வருடக்கணக்கில் தகவலே சொல்லவில்லை. அந்த முகங்கள் இன்னும் கண்ணில் நிற்கின்றன. 2011 பிப்ரவரியில் அந்தக் குடும்பங்களின் வழக்கறிஞரைக் கைது செய்ததும்தான் ஊர் கொதித்தது. எங்களைக் கப்பலில் எகிப்தின் அலெக்சாண்டிரியாவுக்குக் கொண்டுபோனார்கள்.

பதில் 1:
சரி, அதோடு மேற்கு நாடுகளின் ராணுவக் கூட்டணியான நேட்டோவின் விமானத் தாக்குதலையும் சேர்க்க வேண்டும். ஆகஸ்டில் தலைநகர் திரிப்போலி அவர் கையைவிட்டுப் போனது. அக்டோபர் 20 அன்று, பிறந்த ஊர்ப்பக்கமான சிர்த்தில், வடிகால் குழாய்க்குள் ஒளிந்திருந்தவரைப் பிடித்தார்கள், அன்றே கொல்லப்பட்டார்.

கேள்வி கேட்டவர்:
வெல்டர் அண்ணா, அந்தத் தாய்மார்களுக்கு உடல்களாவது கிடைத்ததா?

பதில் 2:
நான் அறிந்த ஒரு அம்மாவுக்குக் கிடைக்கவில்லை, தம்பி.