4-1 முன்னிலை
(எங்கள் ‘தாத்தா வீடு’ குழுவில், ஞாயிறு மாலை)

சித்தி: பாப்பா டென்னிஸ் மேட்சில் தோற்றுவிட்டாள். மூன்றாவது செட்டில் 4-1 முன்னிலை. அங்கிருந்து டபுள் ஃபால்ட் மேல் டபுள் ஃபால்ட், இரண்டு சர்வும் தப்பிப் பாயிண்ட் போய்க்கொண்டே இருந்தது. துண்டைத் தலையில் போட்டுக்கொண்டு கார் பின்சீட்டில் இருக்கிறாள். பேச்சே இல்லை.

தாத்தா: சாப்பிட்டாளா?

சித்தி: இல்லப்பா. ரோஸ்மில்க் வாங்கிக் கொடுத்தேன், அப்படியே இருக்கிறது.

பெரியம்மா: 4-1ஆ! 1993 விம்பிள்டன் ஃபைனல் ஞாபகம் வருகிறது. செக் வீராங்கனை யானா நோவோட்னா. ஸ்டெஃபி கிராஃபுக்கு எதிராக மூன்றாவது செட்டில் இதே 4-1. அடுத்த கேமில் 40-30. ஒரு பாயிண்ட் எடுத்தால் 5-1. டபுள் ஃபால்ட். அதற்கப்புறம் ஒரு கேம்கூட எடுக்கவில்லை.

மாமா: பரிசளிப்பில் பிரிட்டிஷ் அரச குடும்பத்துக் கென்ட் கோமகள் தோளில் சாய்ந்து அழுதாரே, அவரா அக்கா?

பெரியம்மா: அவரேதான். அந்த ஒரு படத்தை மட்டும் எல்லாரும் ஞாபகம் வைத்திருப்பதில் எனக்கு ரொம்ப வருத்தம். சர்வ் போட்ட கையோடு நெட்டுக்கு ஓடிவந்து, பந்து தரையில் படும் முன்பே வாலி அடிப்பார், அது ஒரு அழகு. இரட்டையரில் மட்டும் 12 கிராண்ட்ஸ்லாம், கலப்பு இரட்டையரில் 4. 1997-ல் மறுபடி ஃபைனல், முதல் செட்டை ஜெயித்தும் ஹிங்கிஸிடம் தோற்றார். 1998-ல் திரும்பவும் வந்து நதாலி தோசியாவை 6-4, 7-6 என்று வென்றார். வயது 29. வெற்றித் தட்டைக் கொடுத்தது அதே கோமகள்.

சித்தி: வாசித்துக் காட்டினேன். ‘அப்புறம் என்ன ஆனார்’ என்று கேட்கிறாள்.

பெரியம்மா: 2017-ல் புற்றுநோயில் போய்விட்டார். 49 வயதுதான்.

நான்: அதற்கு முன்னால் நடந்ததையும் சொல்லுங்கள் பெரியம்மா. பிர்னோ நகரத்தில் பார்போரா கிரெய்சிகோவா என்ற 18 வயதுப் பெண், உதவி கேட்டு ஒரு கடிதத்தோடு நோவோட்னா வீட்டுக் கதவைத் தட்டினாள். அவளுக்கு அவரே பயிற்சி கொடுத்தார். அவள் 2021-ல் பிரெஞ்சு ஓபன் ஜெயித்தாள். 2024-ல் விம்பிள்டன். வெற்றியாளர் பலகையில் நோவோட்னா பெயரும் தன் பெயரும் இருப்பதைக் காட்டியபோது அழுதுவிட்டாள்.

மாமா: இது எனக்குத் தெரியாதுடா.

சித்தி: பாப்பா பேசுகிறேன். அந்த 1998 மேட்ச் வீடியோ இருந்தால் அனுப்புங்கள் பெரியம்மா. இரண்டாவது சர்வை எப்படிப் போடுகிறார் என்று பார்க்க வேண்டும்.

பெரியம்மா: தேடி அனுப்புகிறேன் கண்ணு.

தாத்தா: முதலில் ரோஸ்மில்க்கைக் குடி.