ஃப்ளையிங் நன் புத்தகம்: எப்படிப் படிக்கலாம், எதோடு கேட்கலாம்

சுழல்தட்டு:
மேத்யூ கூடியின் 'நீடில்ஸ் அண்ட் பிளாஸ்டிக்' (2022) வாங்கியவர்களுக்கு ஒன்று. நாவல் மாதிரி முதல் பக்கத்திலிருந்து ஓட்டாதீங்க. ஒரே ஆள் நாலு பேண்டில் வாசிப்பார், ஐம்பது பக்கத்துக்குள் பேரெல்லாம் குழம்பிவிடும். 1981 முதல் 1988 வரை ஃப்ளையிங் நன் என்ற நியூசிலாந்து லேபிள், அதாவது இசைத்தட்டு நிறுவனம், கொண்டுவந்த தட்டுகளை ஒவ்வொன்றாக எடுத்துப் பேசுகிற புத்தகம் இது. தட்டை ஓடவிட்டு அதற்கான பக்கத்தை மட்டும் படிங்க.

லேபிளின் முதல் வரிசை எண்ணான எஃப்என் 001, 'பின் குரூப்' என்ற பேண்டின் 'ஆம்பிவலன்ஸ்'. அடுத்தது 'கிளீன்' பேண்டின் 'டாலி ஹோ': பதிவுச் செலவு 50 டாலர், நாட்டுத் தரவரிசையில் 19-ஆம் இடம். பாட்டு முழுக்க நச்சரிக்கிற அந்த ஆர்கனை வாசித்தவர் மார்ட்டின் ஃபிலிப்ஸ். அவர் கிளீன் ஆளே இல்லை, 'சில்ஸ்' என்ற வேறு பேண்டுக்காரர்!

காந்தநாடா:
மூன்றாவதாக கிளீனின் 'பூடில் பூடில் பூடில்' வருமே, அங்கே கொஞ்சம் நிதானிக்கணும். கிறிஸ் நாக்ஸும் டக் ஹூடும் டீயாக் 4 ட்ராக் மெஷினில், அதாவது ஒரே நாடாவில் நாலு தடத்தைத் தனித்தனியாகப் பதியும் மெஷினில், பதிந்தது. "வேண்டுமென்றே கரடுமுரடாக வைத்த ஒலி" என்று எழுதுகிறவர்கள் அந்த மாதிரி மெஷினைத் தொட்டிருக்க மாட்டார்கள்.

கணக்கு இதுதான். டிரம்ஸ், கிட்டார், பேஸ் என 1, 2, 3-ஐ நிரப்பி, மூன்றையும் கலந்து 4-க்கு மாற்றணும். இதைத்தான் பவுன்ஸ் என்பது. காலியான 1, 2-ஐ மறுபடி நிரப்பி 3-க்கு மாற்றினால், கடைசியாக இன்னும் இரண்டு பதியலாம். ஆக ஏழு பகுதி, அவ்வளவுதான். ஒவ்வொரு மாற்றலிலும் நாடாவின் இரைச்சல் ஒரு படி ஏறும். அதைக்கூடச் சகிக்கலாம். பழைய ட்ராக்குகளின் மேல் புதிது பதிந்துவிட்ட பிறகு "டிரம்ஸைக் கொஞ்சம் கூட்டலாமே" என்று தோன்றினால் ஒன்றும் செய்ய முடியாது. கலந்தது கலந்ததுதான்.

இன்னொன்று, 3-இலிருந்து ஒட்டியிருக்கும் 4-க்கு மாற்றும்போது நாடா உரசிப் போகும் ஹெட்டுக்குள் ஒலி கசிந்து ஊளையிடும். கீச்சுச் சத்தமுள்ள சிம்பல் 3-இல் இருந்தால் கட்டாயம் மாட்டிக்கொள்வீர்கள். பேஸை அங்கே வைத்தால் பெரும்பாலும் தப்பலாம்.

வினாடிக்கு 15 அங்குல வேகத்தில் 2500 அடி ரீல் 33 நிமிடம்தான் ஓடும். பேண்ட் மொத்தமாக நின்று ஒரே மூச்சில் வாசித்துவிடுவது இதனால்தான் மலிவு.

ஊர்க்குருவி:
அண்ணே, அந்தக் கணக்கை வைத்து 'டனீடின் டபுள்' (1982) கேட்டால் நன்றாகப் பிடிபடும். இரண்டு 12 அங்குலத் தட்டு, நாலு பக்கம், பக்கத்துக்கு ஒரு பேண்ட்: சில்ஸ், ஸ்னீக்கி ஃபீலிங்ஸ், ஸ்டோன்ஸ், வெர்லெய்ன்ஸ். எல்லாரும் டனீடின்காரர்கள். பதிந்ததோ சாலைவழி 360 கி.மீ. தள்ளியிருக்கும் கிறைஸ்ட்சர்ச்சில், நாக்ஸின் 4 ட்ராக்கில். லேபிளே தொடங்கியது கிறைஸ்ட்சர்ச்சில்தான். பின் குரூப்பும் அந்த ஊர்தான். எல்லாவற்றையும் 'டனீடின் சவுண்ட்' என்று ஒரே மூட்டையில் கட்டுவது சோம்பேறித்தனம்.

புத்தகத்தில் ஆண்டுகளைப் பார்க்கும்போதும் ஒரு குழி இருக்கு. சில்ஸின் 'பிங்க் ஃப்ராஸ்ட்' வெளியானது 1984. டிரம்மர் மார்ட்டின் புல் ரத்தப் புற்றுநோயில் இறந்தது 1983. இரண்டையும் சேர்த்து அது இரங்கல் பாட்டு என்று நினைத்துவிடுவோம். ஆனால் பதிந்தது 1982, டிரம்ஸ் வாசித்திருப்பவர் அவரேதான். வெளியான தேதியோடு பதிந்த தேதியையும் பென்சிலில் ஓரத்தில் குறித்துக்கொண்டே போங்க.

சுழல்தட்டு:
பழைய தட்டு தேடுகிறவர்களுக்கும் ஆண்டு முக்கியம். நியூசிலாந்தில் அப்போதிருந்த கடைசி வினைல் அச்சாலை 1987-இல் மூடியது. அதன் பிறகு நெடுங்காலம் தட்டு வெளிநாட்டில் அச்சாகித்தான் வந்தது. "முதல் பதிப்பு" என்று அட்டையைக் காட்டி விலை சொன்னால் நம்பாதீங்க, அட்டையை மாற்றிச் செருகிவிடலாம். பாட்டுத் தடம் முடிந்து நடுவில் ஒட்டிய காகித லேபிள் தொடங்குவதற்கு முன் இருக்கும் வழுவழுப்பான வளையத்தில் கீறியிருக்கும் எண்ணைப் பாருங்க. டார்ச்சை நேராக அடித்தால் வெறும் பளபளப்புதான் தெரியும். சாய்த்துப் பிடித்து, தட்டை மெதுவாகச் சுற்றணும்.