ஆச்சி வீட்டில் மகள் மண்ணோடு கிடக்கிறாள், அப்படியே விடலாமா?

மகளுக்கு 6 வயது. சென்னையில் எங்கள் வீடு நான்காவது மாடி. மே லீவுக்கு உடன்குடிப் பக்கம் என் அம்மாவிடம் விட்டிருக்கிறேன். முதல் இரண்டு நாள் "போரடிக்குதுப்பா" என்று போன் மேல் போன். மூன்றாம் நாள் சத்தமே இல்லை. நானே கூப்பிட்டேன். "காலையிலேர்ந்து வேப்பமரத்தடியில குப்புறக் கிடக்கா, சாப்பிடக் கூப்பிட்டாலும் வரமாட்டேங்கா" என்றார் அம்மா.

வீடியோவில் பார்த்தேன். குழியானைப் பூச்சியின் பள்ளம் ஒன்று, சுற்றிலும் வேப்பங்கொட்டை வரிசை. அதெல்லாம் மனு கொடுக்க வந்த ஜனமாம். பள்ளத்துக்குள் இருப்பவர் தாசில்தார், யாரையும் பார்க்க மாட்டாராம்! (போன மாதம் சான்றிதழுக்காக அவளையும் கூட்டிக்கொண்டு அலைந்தேன்.) விளையாட்டுச் சாமான் ஏதாவது பார்சலில் அனுப்பட்டுமா?

பதில் 1:
வேண்டாம் சார். போன வருஷம் நான் நுங்கு வண்டி செய்து கொடுத்தேன். நுங்கு தோண்டிய வெறுங்காய் நல்லதாக இரண்டு பொறுக்கி, நடுவில் குச்சி கோத்து, தள்ளக் கவட்டைக் கம்பும் வைத்து. பையன் இரண்டு சுற்று ஓட்டினான். அப்புறம் சக்கரத்தைக் கழற்றி, நுங்கு இருந்த மூன்று குழியிலும் தண்ணீர் ஊற்றி, மூன்று கிணறு என்றான். ஒரு கிணறு உப்புத் தண்ணீராம். சாயங்காலம் வரை அதுதான். என் வண்டியை யார் கேட்டார்கள்?

பதில் 2:
தோட்டத்தில் அரளி இருக்கிறதா பாருங்கள். ஆமணக்கு விதை, குன்றிமணியும்தான், மென்றால் விஷம். சோறு பொங்கி விளையாடும்போது எதையும் வாயில் வைக்கக் கூடாதென்று சொல்லி வையுங்கள். எருக்கம்பால் கண்ணில் படக் கூடாது. கிணற்றுக்கு மூடி உண்டா?

பதில் 3:
குழியானை பின்பக்கமாகத்தான் நகரும், அவளே கண்டுபிடித்திருப்பாள். வளர்ந்தால் இறக்கை முளைத்துத் தட்டான் மாதிரி பறக்கும். கேட்டால் மட்டும் சொல்லுங்கள்.

கேள்வி கேட்டவர்:
எல்லாருக்கும் நன்றி. கிணற்றுக்குக் கம்பி வலை இருக்கிறது. வேலியோரம் அரளி நின்றது, அம்மா வெட்டச் சொல்லிவிட்டார். பார்சல் அனுப்பவில்லை. நேற்று ராத்திரி மழையில் பள்ளம் மூடிப்போயிற்று. அழுவாள் என்று நினைத்தேன். "தாசில்தாருக்கு மாற்றல்ப்பா" என்றாள். திண்ணைக்கு அடியில், நனையாத மண்ணில், இன்னொரு பள்ளம் பார்த்து வைத்திருக்கிறாள். கொட்டைகளைக் கழுவிக் காயப்போட்டிருக்கிறாளாம், நாளைக்கு மறுபடி மனு.